மேல் விளிம்பில் மட்டும் பசை

"கையைக் கழுவிப்போட்டு வாரும்."

வண்ணார்பண்ணையில் அந்தச் சித்திர மாஸ்ரரின் வீட்டுப் படியேறும் எந்தப் பெடியனும் முதலில் கேட்கும் சொல் அதுதான். கிணற்றடியில் வாளி எப்போதும் நிரம்பி இருக்கும். கையைக் கழுவி, சட்டையில் துடைக்காமல் காற்றில் காயவிட்டு, விறாந்தையில் விரித்த பாயில் குந்தவேண்டும். அதற்குப் பிறகுதான் உள்ளறையிலிருந்து றங்குப்பெட்டி வெளியே வரும். 1978 இல், பதின்மூன்று வயதில், அந்தப் பாயில் முதன்முதலாகக் குந்தியவருக்கு இப்போது அறுபது தாண்டிவிட்டது. சித்திர ஆசிரியராக வேலை செய்து ஓய்வுபெற்ற பிறகும் ஒரு படப்புத்தகத்தைத் தொடுமுன் குழாயடிக்குப் போய்வருகிறார்.

பெட்டிக்குள் மொத்தம் முப்பது புத்தகங்கள் இருக்கும். கறையானுக்கும் ராமபாணப் பூச்சிக்கும் எதிராகக் காய்ந்த வேப்பிலையும் கற்பூர உருண்டையும் போட்டிருந்ததால் பெட்டியைத் திறந்தால் கோயிலும் மருந்துக்கடையும் சேர்ந்த ஒரு மணம் வரும். மேலடுக்கில் டெல்லி லலித் கலா அக்கடமி இந்திய ஓவியர்களைப் பற்றி வெளியிட்ட மெலிந்த நூல்கள். ஆளுக்கொரு நூல், சில பக்கக் கட்டுரை, பின்னால் படங்கள். அதற்குக் கீழே லெனின்கிராட்டில் அச்சான பெரிய அல்பங்கள். ஹெர்மிடாஜ் அருங்காட்சியகத்திலுள்ள மத்தீஸும் கொகானும் அவற்றில் இருந்தார்கள். சோவியத் புத்தகங்கள் மலிவு. வாத்தியார் சம்பளத்தில் வாங்கக்கூடிய வண்ணப்படங்கள் அன்று அவைதான். சென்னையில் 1967 முதல் தமிழிலும் வந்துகொண்டிருந்த யுனெஸ்கோ கூரியர் இதழ்கள் நூல் கோத்துக் கட்டி ஒரு பக்கம் கிடந்தன. எல்லாவற்றுக்கும் அடியில், பழைய வேட்டித் துண்டில் சுற்றிய ஒரு கனத்த புத்தகம். அதுதான் வான்கோ.

1970களின் முதற்பாதியில் இலங்கையில் இறக்குமதிக் கட்டுப்பாடு கடுமை. இந்தியச் சஞ்சிகைகளே அருமையாகிப் போன காலம் அது. ஓவியப் புத்தகம் எங்கிருந்து வரும்? 1977 இல் இறக்குமதிக்கு வாசல் திறந்தபோது கடைகளில் றேடியோக்களும் துணிகளும் வந்து குவிந்தன, வான்கோ வரவில்லை. எனவே அந்தப் பெட்டி ஒரு தனி மனிதரின் சேமிப்பு மாத்திரம் அல்ல. அந்தச் சுற்றுவட்டாரத்துப் பெடியளுக்கு லூவரும் ஹெர்மிடாஜும் அதுவே.

வான்கோ புத்தகத்தின் முதற் சில பக்கங்களைக் கறையான் ஏற்கெனவே தின்றிருந்தது. யார் பதிப்பித்தது, எந்த ஆண்டு என்பதெல்லாம் அதோடு போய்விட்டன. ஆனால் படங்கள் இருந்தன. அவை பக்கத்தில் அச்சிடப்பட்டவை அல்ல. வழவழப்பான தனித் தாளில் அச்சடித்து, சாம்பல் நிறத் தடித்த பக்கத்தில் ஒட்டப்பட்டவை. அதிலும் மேல் விளிம்பில் மட்டும் பசை. கீழ்ப்பகுதி தொங்கிக்கொண்டிருக்கும், மெல்லத் தூக்கினால் பின்பக்க வெள்ளை தெரியும். படத்தின் பெயரும் அது எந்த ஊரில் இருக்கிறது என்ற விபரமும் படத்தில் இராது, அடியிலுள்ள பக்கத்தில் சின்ன எழுத்தில் இருக்கும். முழுப் பரப்பிலும் பசை பூசினால் ஈரத்தில் தாள் சுருங்கிப் படம் நெளியும் என்பதால் அப்படி ஒட்டுவார்களாம். ஐரோப்பாவில் ஸ்கீரா போன்ற பதிப்பகங்கள் பேர் பெற்றதே இப்படிக் கையால் ஒட்டிய வண்ணப்படங்களால்தான். ஒரு புத்தகத்துக்கு ஐம்பது படம், ஆயிரம் பிரதி என்றால் ஐம்பதாயிரம் முறை யாரோ ஒருவர் பசை தடவி, சரிபார்த்து, அழுத்தி ஒட்டியிருக்கவேண்டும். மாஸ்ரர் இதைச் சொல்லும்போது வான்கோவைப் பற்றிச் சொல்லும் அதே மரியாதையோடுதான் சொல்வார்.

பெடியனுக்குப் பிடித்த படம் சூரியகாந்தி அல்ல. ஒரு வீதி. நல்ல வெயில். பின்னால் மஞ்சள் வயல், இரண்டு மரம். வைக்கோல் தொப்பி போட்ட ஒரு மனிதர் முதுகிலும் கையிலுமாகப் பெட்டியும் தடியும் சுமந்து நடக்கிறார். அவருடைய நிழல் வெயிலில் கருநீலமாக, அவரைவிட உயிரோடு, நிலத்தில் விழுந்து கிடக்கிறது. அவர் யாரென்று தெரியாமல் பெடியன் நெடுநாள் ஒரு புடவை வியாபாரி என்றே நினைத்திருந்தான். பொட்டணியைச் சைக்கிளிலும் தோளிலும் கட்டிக்கொண்டு மத்தியான வெயிலில் ஒழுங்கை ஒழுங்கையாகத் திரிகிறவர்களை அவன் தினமும் பார்த்தவன். அவர்களுடைய நிழலும் அப்படித்தான் காலடியில் கிடக்கும்.

"இது வியாபாரி இல்லைத் தம்பி. இதுதான் அந்தாள். தன்னையே கீறியிருக்கு. முதுகில கிடக்கிறது சாயப்பெட்டி" என்று ஒருநாள் மாஸ்ரர் படத்தை மெல்லத் தூக்கி அடியிலிருந்த எழுத்தை வாசித்தார். "தாராஸ்கோன் போற றோட்டில ஓவியர்."

தெற்கு பிரான்ஸில் ஆர்ல் என்ற ஊரிலிருந்து தாராஸ்கோனுக்குப் போகும் வீதி அது. 1888 கோடையில் வரைந்தது. பெட்டி, தடி, கன்வஸ் எல்லாம் சுமந்துகொண்டு வெயில் வீதியில் போகும் தன்னை அவசரமாக ஒரு கீறல் கீறியதாக வான்கோ தம்பி தியோவுக்கு எழுதியிருந்தார். பெடியனுக்குத் தாராஸ்கோன் என்ற சொல் மட்டும் காதில் நின்றது. படம் எந்த ஊரில் இருக்கிறது என்ற அடுத்த வரியையும் மாஸ்ரர் வாசித்திருப்பார். அதை அவன் கவனிக்கவில்லை.

ஒரு சனிக்கிழமை மாஸ்ரர் இரண்டு சூரியகாந்திகளைப் பாயில் பக்கம் பக்கமாக வைத்தார். ஒன்று வான்கோ புத்தகத்திலிருந்தது. மற்றது ஏதோ ஒரு நாட்காட்டியிலிருந்து வெட்டியது. ஒரே சாடி, ஒரே பூக்கள், ஆனால் ஒன்றின் மஞ்சள் எலுமிச்சைபோல, மற்றதன் மஞ்சள் பழுத்த மாம்பழம்போல. எது சரி என்று கேட்டார். பெடியள் பிரிந்து நின்று சண்டை பிடித்தார்கள். அவர் பூதக்கண்ணாடியை எடுத்து ஆளுக்கொரு தரம் பார்க்கத் தந்தார். உள்ளே மஞ்சளே இல்லை. புள்ளிகள். மஞ்சள், சிவப்பு, நீலம், கறுப்பு என்று நான்கு நிறப் புள்ளிகள் கூட்டமாக நின்றன. தூரத்திலிருந்து கண் அவற்றைச் சேர்த்துக்கொள்கிறது. ஒரு நிறம் கொஞ்சம் கூடினாலோ, தகடு மயிரளவு விலகினாலோ பூ வேறு பூவாகிவிடும்.

"நாங்கள் பாக்கிறது படம் இல்லை. படத்தின்ர படம். இது அவற்ர மஞ்சள் இல்லை, அச்சுக்காரன்ர மஞ்சள்" என்றார். அன்றைக்கு அது பெடியனுக்குப் பெரிய துக்கமாக இருந்தது. இவ்வளவு நாள் பார்த்தது ஒன்றுமே இல்லையா?

துக்கப்பட வேண்டியதில்லை என்று பின்னாளில் ஆசிரியரான அந்தப் பெடியன் தன் மாணவர்களுக்குச் சொல்லி வந்தார். இந்தத் தீவின் நவீன ஓவியமே படத்தின் படத்தைப் பார்த்துத்தான் எழும்பியது. 1943 இல் கொழும்பில் கூடிய ஓவியர்களின் நாற்பத்துமூன்றாம் குழுவின் மையத்தில் இருந்த லயனல் வெண்ட் வீட்டில் ஐரோப்பிய நூல்களும் சஞ்சிகைகளும் அடுக்கடுக்காக இருந்தன. ஜோர்ஜ் கீற் பிக்காசோவையும் பிராக்கையும் கண்டது அச்சுத் தாளில்தான். அதிலிருந்து எடுத்த உடைந்த கோட்டை அவர் ராதையிலும் புத்தர் கதையிலும் வைத்தார். 1939, 40 இல் பொரளை கோதமி விகாரைச் சுவர்களில் அது ஏறியது. பத்தாண்டு கழித்து, 1950 இல், மார்ட்டின் ரசல் எழுதிய கீற் பற்றிய நூலை பம்பாய் மார்க் நிறுவனம் வெளியிட்டபோது, புத்தகத்தில் பார்த்துப் படித்தவரே பார்க்கப்படும் புத்தகமானார்.

யாழ்ப்பாணத்திலும் அதேமாதிரி ஒரு வழி இருந்தது. சித்திர வித்தியாதரிசியாக இருந்த எஸ். ஆர். கனகசபை 1938 இல் இங்கே ஒரு ஓவியக் கழகத்தைத் தொடங்கியபோது அதற்கு வின்சர் என்று பேர் வைத்தார். இலங்கையின் பிரதம சித்திரப் பரிசோதகராக இருந்த சார்ள்ஸ் வின்சரின் பேர் அது. பாடசாலைச் சித்திரம் என்றால் கோப்பையும் பூவும் பார்த்துக் கீறுவது என்றிருந்த நாட்டில், பிள்ளையின் கையைத் தன்பாட்டில் விடவேண்டும் என்று சொன்னவர் அவர். பிறகு அந்த இருக்கைக்கு வந்த டபிள்யூ. ஜே. ஜி. பீலிங்கும் இந்தக் கழகத்துக்குத் துணை நின்றவர். றங்குப்பெட்டி மாஸ்ரர் போன்றவர்கள் அந்த மரத்தின் கிளைகள். அவர்களைப் பற்றி எங்கும் எழுதப்படவில்லை.

இவர்கள் எல்லோருக்கும் முன்னால் இன்னொருவர் இருக்கிறார். ஆனந்த குமாரசுவாமி 1877 இல் கொழும்பில் பிறந்தவர், சேர் முத்துக்குமாரசுவாமியின் மகன். கண்டிய நாட்டுச் சித்திரக்காரர்களும் தட்டார்களும் செய்த வேலைகளைப் பற்றி அவர் எழுதிய மத்தியகாலச் சிங்களக் கலை நூல் 1908 இல் இங்கிலாந்தின் ஒரு கிராமத்தில், வில்லியம் மொரிஸ் பாவித்த அதே கையச்சு இயந்திரத்தில் அடிக்கப்பட்டது. மொத்தம் 425 பிரதிகள். பேர் தெரியாத ஒரு சித்திரக்காரன் விகாரைச் சுவரில் கீறிய தாமரைக் கொடிக்கு அத்தனை நல்ல தாளும் அத்தனை நல்ல மையும் கொடுத்தவர் ஒரு தமிழர் என்பதில் மாஸ்ரருக்கு அடக்கமுடியாத பெருமை. அந்த நூலின் முதற்பதிப்பை அவர் வாழ்நாளில் கண்டதில்லை. மறுபதிப்பிலிருந்து கையால் பிரதி செய்த சில கோலங்கள் மட்டும் ஒரு கொப்பியில் இருந்தன.

1981 மே முடிந்து ஜூன் பிறந்த நாட்களில் ஒரு இரவு யாழ்ப்பாணப் பொதுசன நூலகம் எரிந்தது. ஏறத்தாழ 97,000 நூல்கள் என்று கணக்குச் சொல்வார்கள். பெடியனுக்கு அப்போது பதினாறு. பெரிய படப்புத்தகங்களை வெளியே தரமாட்டார்கள், அங்கேயே இருந்து பார்க்கவேண்டும் என்பதால் அவன் அங்கே கழித்த பின்னேரங்கள் அதிகம். எரிந்து சில நாள் கழித்துப் போனபோது கருகிய தாள் ஒன்று அவன் காலில் ஒட்டியது. வழவழத் தாள் சாதாரணத் தாள்போல எரிவதில்லை. அதில் பூசியிருக்கும் வெண்களி சாம்பலாகாமல், தகடு தகடாக அப்படியே நிற்கும், தொட்டால்தான் உதிரும். எந்தப் புத்தகமோ, யாருடைய படமோ. அதை அவன் தொட்டான்.

அதற்குப் பிறகு மாஸ்ரர் பெட்டியைத் திறக்கும் நாட்கள் கூடின. முன்பு சனிக்கிழமை மட்டும். பிறகு எந்த நாளும்.

1987 இல் ஒரு புத்தகம் வந்தது. பேர் தேடலும் படைப்புலகமும். ஓவியர் மாற்குவைப் பற்றியது. மாஸ்ரர் அதை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு விறாந்தைக்கு வந்த விதம் இன்னும் கண்ணில் நிற்கிறது. "இஞ்ச பாரும், எங்கட ஆளைப் பற்றியும் புத்தகம் வந்திட்டுது." மாற்கு 1933 இல் குருநகரில் பிறந்தவர், கொழும்பில் நுண்கலை பயின்றவர், பாடசாலைச் சித்திர ஆசிரியர். க்யூபிசத்தின் கோடுகளை எடுத்து யாழ்ப்பாணத்துப் பெண்களையும் மீனவக் குடும்பங்களையும் அதற்குள் வைத்தவர். தன் வீட்டிலேயே இளையவர்களுக்குப் படிப்பித்தார். வாசுகி, அருந்ததி, நிலாந்தன் என்று அவரிடம் கற்றவர்கள் பின்னர் தங்கள் வழியில் பேர் பெற்றார்கள்.

அந்த நூல் எவ்வளவு பெரிய விஷயம் என்பதை இன்று விளங்கப்படுத்துவது கடினம். அதுவரை ஓவியர் என்றால் புத்தகத்தில் இருப்பவர், செத்துப்போனவர், குளிர் நாட்டுக்காரர். இப்போது பஸ் ஏறினால் அரை மணித்தியாலத்தில் போய்ச் சேரக்கூடிய ஒருவர் புத்தகத்தில் இருந்தார். முதன்முறையாகப் படத்தையும் படத்தின் படத்தையும் ஒரே வாழ்நாளில், ஒரே ஊரில், பக்கத்தில் வைத்துப் பார்க்க முடியும் என்றாகியது. புத்தகத்தை வைத்துக்கொண்டு போய் மூலத்தைச் சரிபார்க்கலாம். இருபத்திரண்டு வயது இளைஞனாகிவிட்ட அவர் அப்படிச் செய்யவில்லை. நாளைக்குப் போகலாம் என்று விட்டார். ஒக்டோபரில் இந்தியப் படையுடனான சண்டை மூண்டது.

அந்த வருடக் கடைசியில் மாஸ்ரர் மகளோடு இருக்கக் கொழும்புக்குப் போனார். பெட்டியைக் கொண்டுபோகவில்லை. "உம்மட்ட வைச்சிருக்கச் சொல்லித் தரேல்லை. பாக்கத்தான் தாறன். பெடியளுக்கும் காட்டும்" என்றார். சைக்கிள் கரியரில் பெட்டியை வைத்து, சணல் கயிறு போட்டுக் கட்டி, தள்ளிக்கொண்டே வீட்டுக்குக் கொண்டுவந்தது அவருக்கு நினைவிருக்கிறது. மாஸ்ரரை அதற்குப் பிறகு அவர் காணவில்லை.

1990 இல் மின்சாரம் நின்றது. அவர் அப்போது சித்திர ஆசிரியராகியிருந்தார். ஜாம் போத்தலில் துளி மண்ணெண்ணெய் விட்டுத் திரி கொளுத்திப் பிள்ளைகள் படித்த காலம். உதயன் பத்திரிகை கோடு போட்ட கொப்பித் தாளில் அச்சாகி வந்த காலம். அந்த யாழ்ப்பாணத்தில் ஒரு வண்ணப்படம் அச்சிடுவது கனவிலும் நடவாது. சாயக்கட்டி கிடையாது. மஞ்சள் தூள், செங்கல் தூள், அடுப்புக்கரி, வெள்ளைத் துணிக்குப் போடும் நீலம் ஆகியவற்றை வேப்பம் பிசினில் குழைத்து வேலை செய்தார்கள். றங்குப்பெட்டியைப் பகலில் மட்டும்தான் திறப்பார், விளக்குப் புகை படத்துக்கு ஆகாது என்று. வேப்ப மரத்தடியில் பாய் விரித்து, "கையைக் கழுவிப்போட்டு வாருங்கோ" என்று அவரும் சொன்னார். குண்டு வீசும் விமானம் சுற்றத் தொடங்கினால் பிள்ளைகள் பதுங்குகுழிக்கு ஓடுவார்கள். அவர் பெட்டியை மூடிவிட்டு ஓடுவார். ஒருமுறை ஒரு சிறுமி தாராஸ்கோன் வீதிப் படத்தைப் பார்த்து, "சேர், இவர் எங்க இடம்பெயர்ந்து போறார்?" என்று கேட்டாள்.

அவள் கேட்டது முன்கூட்டியே கேட்டதுபோல ஆயிற்று. 1995 ஒக்டோபர் 30 பின்னேரம் ஒலிபெருக்கி கட்டிய வாகனங்கள் வந்தன. வலிகாமம் முழுவதும் வெளிக்கிட வேண்டும். இராணுவம் நெருங்கிவிட்டது. ஏறத்தாழ ஐந்து இலட்சம் சனம், ஒரே இரவில், செம்மணி வெளி, நாவற்குழிப் பாலம் போன்ற சில வழிகளால் தென்மராட்சிக்குள் போகவேண்டும். மழை வேறு.

வீட்டில் எதை எடுப்பது என்று நின்று யோசிக்க நேரம் இருக்கவில்லை. அரிசி, கேத்தில், அம்மாவின் மருந்து, பாய், உடுப்பு. சைக்கிளின் ஒரு பக்கம் அம்மா பிடித்துக்கொண்டு வரவேண்டும். பெட்டியைத் தூக்கிப் பார்த்தார், பிறகு வைத்தார். வேட்டித் துண்டை அவிழ்த்தார். வான்கோ மட்டும் மூன்று கிலோவுக்கு மேல் இருக்கும். மூன்று கிலோ அரிசி நாலு பேருக்கு எத்தனை நாள் என்பது அந்த ஊரில் அன்று எல்லோருக்கும் தெரிந்த கணக்கு.

மேல் விளிம்பில் மட்டும் பசை. நகத்தை உள்ளே விட்டு மெல்ல இழுத்தார். பழைய பசை, உடனே விட்டுக்கொடுத்தது. காணி உறுதி, பிறப்புச் சாட்சிப்பத்திரங்கள், அடையாள அட்டை எல்லாம் இருந்த பொலித்தீன் பைக்குள், உறுதியின் மடிப்புக்குள், அந்தத் தாளை நான்காக மடித்து வைத்தார். அடியில் சின்ன எழுத்திலிருந்த பெயரும் ஊரும் புத்தகத்தோடேயே இருந்துவிட்டன. அந்த நேரத்தில் அதை வாசிக்க யாருக்குத் தோன்றும்?

நாவற்குழிப் பாலத்தைக் கடக்க விடியற்காலை வரை ஆனது. சைக்கிளை உருட்ட முடியாது, ஓரடி வைக்க ஐந்து நிமிடம். முன்னால் போகிறவர்களின் முதுகுகளை மட்டுமே பார்த்துக்கொண்டு நடந்ததாகச் சொல்கிறார். பெட்டிகள், தையல் இயந்திரம், பிள்ளைகள், ஒரு கிழவர், ஒரு ஆடு. நிழல் மட்டும் இல்லை, இரவு.

1996 நடுப்பகுதியில் திரும்பி வந்தபோது வீட்டின் சுவர்கள் இருந்தன. ஓடுகள் இல்லை. மழை உள்ளே பெய்து போயிருந்தது. றங்குப்பெட்டி முற்றத்தில், மூடி கழன்று, மழைத் தண்ணீர் நிரம்பிக் கிடந்தது. புத்தகங்களில் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. மாஸ்ரருக்கு என்ன சொல்வது என்று ஒரு வாரம் யோசித்து, கொழும்புக்குக் கடிதம் எழுதினார். மகள் பதில் போட்டார்: அப்பா போய் நாலு மாதம்.

மாற்குவும் அந்த இடப்பெயர்வில் வெளியேறியவர்தான். வாழ்நாள் வேலையில் பெரும் பங்கு யுத்தத்திலும் அலைச்சலிலும் இல்லாமற்போனது. 2000 இல் அவர் காலமானார். அந்தச் செய்தி வந்த நாளில், தேடலும் படைப்புலகமும் நூலை மீண்டும் பார்க்கவேண்டும் என்று இவர் ஒவ்வொரு வீடாகக் கேட்டுத் திரிந்தார். இவரிடம் இருந்த பிரதி றங்குப்பெட்டியோடு போய்விட்டது. கடைசியில் வெளிநாட்டிலிருந்த ஒரு நண்பர் சில பக்கங்களின் போட்டோக்கொப்பியைத் தபாலில் அனுப்பினார். அதுவும் கொப்பியின் கொப்பி. கறுப்பு மிகக் கறுப்பாகவும், நடுச்சாம்பல் எல்லாம் வெள்ளையாகவும் போயிருந்தது. ஒரு பெண்ணின் முகத்தில் ஒரு கண்ணும் கழுத்துக் கோடும் மட்டும் மிஞ்சியிருந்தன.

அந்தப் போட்டோக்கொப்பியின் முன் இருந்தபோதுதான் மாஸ்ரரின் பாடம் அவருக்குத் தலைகீழாகத் திரும்பியது. வான்கோவின் மஞ்சள் அச்சில் பிழைத்தால் பரவாயில்லை, சரியான மஞ்சள் எங்கோ ஒரு சுவரில் பத்திரமாக இருக்கிறது. எப்போதாவது யாராவது போய்ச் சரிபார்ப்பார்கள். மாற்குவின் தொலைந்த படங்களுக்கு அப்படி ஒரு சுவர் இல்லை. அச்சுக்காரன் போட்ட சாம்பல்தான் இனி அந்தப் படத்தின் சாம்பல். யாழ்ப்பாணத்தில் ஒரு ஓவியரைப் பற்றிய புத்தகம் என்பது பாராட்டோ அலங்காரமோ அல்ல, படத்துக்குக் கட்டும் பதுங்குகுழி. 1987 இல் அந்த நூலைச் செய்தவர்கள் இதை நினைத்துச் செய்தார்களோ தெரியாது. செய்தது அதைத்தான்.

2011 இல் தா. சனாதனனின் 'தி இன்கம்ப்ளீட் தோம்பு' வந்தபோது அவர் அதை இரண்டு நாள் பக்கம் பக்கமாகப் பார்த்தார். தோம்பு என்பது ஒல்லாந்தர் காலக் காணிப் பதிவேடு. இடம்பெயர்ந்த எண்பது பேர் தங்கள் இழந்த வீட்டை நினைவிலிருந்து கீறிய கோட்டுப் படங்கள், அவற்றைக் கட்டடக் கலைஞர் அளவாக்கிய வரைபடங்கள், ஓவியரின் சித்திரங்கள் என்று ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய நூல் அது. கிணறு இங்கே, மாமரம் இங்கே, சாமியறை இங்கே. இதற்கு மூலம் என்று வேறொரு படம் எங்கும் தொங்கவில்லை. புத்தகமே ஓவியம். ஓவியர் பேராசிரியராக இருப்பதும் யாழ்ப்பாணத்தில்தான். றங்குப்பெட்டி மாஸ்ரர் இதைக் கண்டிருக்க வேண்டும் என்று அவர் இன்றும் ஆதங்கப்படுகிறார்.

2014 இல் நெதர்லாந்திலிருக்கும் தங்கை கூப்பிட்டாள். அம்ஸ்ரடாமில், 1973 இல் திறந்த வான்கோ அருங்காட்சியகத்துக்கு அவர் ஒரு செவ்வாய்க்கிழமை காலை போனார். வாசலில் கையைக் கழுவினார். தங்கைக்கு ஏன் என்று விளங்கவில்லை.

சூரியகாந்தி முதலில். 95 சென்ரிமீற்றர் உயரம், 73 அகலம். உள்ளங்கையில் பார்த்தது நெஞ்சளவு நின்றது. சாயம் தடித்துப் புடைத்து, அதுவே தன்மேல் நிழல் விழுத்திக்கொண்டிருந்தது. அதை எந்த அச்சும் காட்டியிருக்க முடியாது. ஆனால் அங்கே அறிந்த இன்னொன்று அவரைக் கதிரையில் இருத்தியது. சாடியில் சூரியகாந்தி ஒரு படம் அல்ல. வான்கோ 1888 ஓகஸ்டில் வரைந்து, அடுத்த ஜனவரியில் தானே தன் படத்தைப் பார்த்து மீண்டும் வரைந்தார். லண்டனில் இருப்பது ஓகஸ்டில் வரைந்தது, அம்ஸ்ரடாமில் இருப்பது ஜனவரியில் மீண்டும் வரைந்தது, மஞ்சள்கள் ஒன்றல்ல. பாயில் வைத்த அந்த இரண்டு தாள்களும் இரண்டு வேறு படங்களாகவே இருந்திருக்கலாம். முப்பத்தாறு வருடத்துக்கு முந்திய அந்தச் சனிக்கிழமை, அச்சுக்காரன்மேல் போட்ட பழி வீண்பழியாகவும் இருக்கலாம். மாஸ்ரரிடம் ஓடிப்போய்ச் சொல்ல வேண்டும்போல இருந்தது.

பிறகு அவர் தாராஸ்கோன் வீதியைத் தேடினார். மூன்று மாடியிலும் இல்லை. பொலித்தீன் பைக்குள்ளிருந்து, மடிப்பு வெளிறிய தாளை விரித்து, அங்கே நின்ற ஒரு பெண் அலுவலரிடம் காட்டினார். தங்கை டச்சில் கேட்டாள். அந்தப் பெண் தாளைக் கையில் வாங்கவில்லை, குனிந்து பார்த்தார், நெடுநேரம் பார்த்தார். பிறகு மெதுவாகச் சொன்னார். தங்கை மொழிபெயர்த்தாள்: "அண்ணா, இந்தப் படம் இப்ப உலகத்தில இல்லையாம்."

அது ஜேர்மனியில் மக்டபூர்க் நகர அருங்காட்சியகத்தில் இருந்தது. 48 க்கு 44 சென்ரிமீற்றர், சின்னப் படம். குண்டுவீச்சுக்குப் பயந்து, மற்றப் படங்களோடு ஒரு உப்புச் சுரங்கத்தில் ஒளித்து வைத்தார்கள். 1945 வசந்தத்தில் அங்கே தீப்பிடித்தது. அதே 1945 ஓகஸ்டில் ஜப்பானில் ஒரு வீட்டிலிருந்த இன்னொரு சூரியகாந்தியும் விமானக் குண்டில் எரிந்தது. தாராஸ்கோன் வீதி மிஞ்சியிருப்பது எரிவதற்கு முன் அச்சான தாள்களில் மாத்திரம். பிரான்சிஸ் பேக்கன் 1956, 57 இல் அந்த நடைப் பயணியை வைத்து ஒரு வரிசை ஓவியங்கள் வரைந்தார். அவரும் மூலத்தைக் கண்டவரில்லை, அச்சைப் பார்த்தே வரைந்தார்.

வண்ணார்பண்ணை விறாந்தையில் ஒரு பெடியன் அதைக் கண்டபோது, அந்தப் படம் எரிந்து முப்பத்துமூன்று வருடம். மாஸ்ரருக்குத் தெரிந்திருந்ததா? தெரிந்திருந்தால் சொல்லியிருப்பார். சொல்லாமல் விட்டிருக்கவும் கூடும்.

திரும்பி வந்து பல வருடம் கழித்துத்தான் அந்தத் தாளுக்குச் சட்டம் போட நினைத்தார். கஸ்தூரியார் வீதிப் பக்கம் சாமிப் படங்களுக்கும் கலியாணப் படங்களுக்கும் சட்டம் போடும் ஒரு சின்னக் கடை. அவரிடம் படித்த பெடியன்தான் முதலாளி. தாளை விளக்கு வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான். குறுக்காக ஒரு மடிப்பு, நெடுக்காக ஒரு மடிப்பு. நெடுக்கு மடிப்பு சரியாக நடப்பவரின் நிழலை வெட்டிக்கொண்டு போகிறது. அந்த இடத்தில் மை உதிர்ந்து வெள்ளை தெரிகிறது.

"சேர், ஈரத் துணி வைச்சு லேசா அயன் பண்ணினா மடிப்புப் போயிடும். வெள்ளை தெரியிற இடத்துக்குக் கொஞ்சம் நீலம் தொட்டு விடட்டோ?"

"வேண்டாம்."

அவன் வற்புறுத்தவில்லை. பழைய அல்பங்களில் இருக்கும் அதே சாம்பல் நிறத்தில் ஒரு அட்டை இருக்கிறதா என்று அவர் கேட்டார். அவன் உள்ளே போய் இரண்டு மூன்று சாம்பல் எடுத்துவந்து வாசல் வெளிச்சத்தில் வைத்தான். ஒன்றைத் தெரிந்தெடுத்தார். தாளைக் கண்ணாடியில் முட்டவிடாமல் நடுவில் மெல்லிய மரச்சலாகை வைக்கச் சொன்னார், மாரியில் பூஞ்சணம் பிடிக்காதிருக்க. பசையை மேல் விளிம்பில் மட்டும் தடவச் சொன்னார். படத்தின் கீழே, அட்டையில், பென்சிலால் எழுதுவதற்கு இரண்டு வரி இடம் விடும்படியும் சொன்னார்.